ஐகோர்ட்டில் ஜெயித்தவள்

குன்னம் பக்கத்துக் கிராமங்களுக்குக் குடிநீர்க் குழாய் பதிக்கும் வேலையை ஒப்பந்தத்தில் எடுத்திருந்தேன். இரண்டு ஊர் தாண்டியதும் மண்ணுக்கடியில் பாறை. பொக்லைனின் பல் உடைந்தது. பாறை உடைக்க அனுமதி வேண்டும் என்று அரசுக் குடிநீர் வாரியத்தின் பொறியாளரிடம் கேட்டேன். பொறுங்கள் என்றார், பொறுத்தேன். கடைசியில் வேலை தாமதம் என்று ஒப்பந்தத்தையே ரத்து செய்துவிட்டார்கள்.

அரசு நிறுவனம்தானே, ஐகோர்ட்டில் ரிட் மனு போட்டால் ஒரு கை பார்த்துவிடலாம் என்று நம்பினேன். ஊரிலும் அப்படித்தான் சொல்லி வைத்திருந்தேன். விசாரணையன்று மாமியாரும் கிளம்பிவிட்டார். அரியலூரில் சென்னைக்கு ரயிலேறும்போது கல்யாண வீட்டுக்குக் கட்டும் பட்டுப்புடவையில் இருந்தார்.

எங்கள் வழக்கைக் கூப்பிட்டார்கள். பாறை இருந்தது என்றார் எங்கள் வக்கீல். இல்லவே இல்லை, இவர்கள்தான் ஆள் வைக்கவில்லை என்றார் எதிர்த்தரப்பு வக்கீல். நீதிபதி நிமிர்ந்து பார்த்தார். "பாறை இருந்ததா இல்லையா என்று இங்கே உட்கார்ந்து நான் எப்படிச் சொல்வது? இது ஒப்பந்தத் தகராறு. சாட்சி விசாரிக்க வேண்டும். சிவில் கோர்ட்டுக்குப் போகட்டும்." அடுத்த வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

மாமியார் அப்போதுதான் பெஞ்சில் ஒழுங்காக உட்கார்ந்திருந்தார். "அவ்வளவுதானா?" என்றார் மெதுவாக. என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

வராந்தாவில் வக்கீல் விளக்கினார். "அரசு நிறுவனமா இருந்தாலும் ஒப்பந்தம் போட்டுட்டா நீங்களும் அவங்களும் ரெண்டு தரப்புதாம்மா. அதிகாரத்தை அப்பட்டமா தப்பா பயன்படுத்தினாத்தான் ரிட்டுல கேக்கலாம். நீங்க தோக்கல, வாசல்தான் மாறிப்போச்சு." இதை முன்பே சொல்லியிருக்கலாமே என்று கேட்க வாய் வரவில்லை. வழக்குப் போட்டே தீரவேண்டும் என்று நின்றவள் நான்தான்.

திரும்பும் ரயிலில் எதிரே எங்கள் ஊர்ப் பக்கத்துப் பெண் ஒருத்தி. "கேஸு என்னாச்சுங்க?" என்றாள்.

நான் வாயைத் திறப்பதற்குள் மாமியார் முந்திக்கொண்டார். "நம்ம பக்கந்தான் ஆச்சு."

ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

மறுநாள் சிமெண்ட் கடைக்காரர் கல்லாவை விட்டு எழுந்தே வந்துவிட்டார். "ஐகோர்ட்லயே ஜெயிச்சுட்டீங்களாமே."

"இல்லீங்க. தள்ளுபடி பண்ணிட்டாங்க. இங்க சிவில் கோர்ட்டுல போடச் சொல்லிட்டாங்க."

அவர் முகம் சுருங்கியது. பால் கொடுக்க வந்தவரிடமும், மில்லிலும், பஸ் ஸ்டாண்டிலும் அதையே திரும்பத் திரும்பச் சொன்னேன். சொல்லச் சொல்லக் கூச்சம் குறையும் என்று நினைத்தேன். குறையவில்லை.

மாமியாரிடம் மட்டும் ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்று கேட்கவில்லை. ஒரு நாள் அவரே சொன்னார். "ஒன்னைய யாரும் எளப்பமா பேசக்கூடாதுன்னு பாத்தேன் புள்ள. கடைசில நானே பேச வெச்சுட்டேன்."

"விடுங்கத்த" என்றேன். அவருக்கும் வெட்கம் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

சிவில் வழக்குப் போட்டோம். கோர்ட் அனுப்பிய வக்கீல் கமிஷனர் வந்து குழாய்ப் பள்ளத்தில் இறங்கிப் பாறையை அளந்து எழுதிக்கொண்டு போனார். சாட்சிக் கூண்டில் ஏறி எல்லாவற்றையும் முதலிலிருந்து சொன்னேன். தீர்ப்பு இன்னும் வரவில்லை. யாராவது கேட்டால், நடக்கிறது என்று மட்டும் சொல்கிறேன்.