உப்பு பூத்த படச்சுருள்

"மேடம், படம் பூரா வெள்ளை வெள்ளையா புள்ளி. கம்ப்யூட்டர்ல துடைச்சிடவா?" என்று போன வாரம் போனில் கேட்டார், என் முதல் படத்தை ஸ்கேன் செய்துகொண்டிருந்த டெக்னீஷியன். "கை வெச்சீங்கன்னா தெரியும் சேதி!" என்று கத்திவிட்டேன். பாவம், அவருக்கு என்ன தெரியும்? உங்களுக்காவது சொல்லிவிடுகிறேன்.

அப்போது நான் மந்தைவெளியில், அம்மாவோடு. கதையும் வசனமும் இல்லாத படம்தான் எடுப்பேன் என்று கிறுக்குப் பிடித்துத் திரிந்த காலம். கையில் இருந்தது யாரோ வேண்டாமென்று கொடுத்த ஒரே ஒரு பதினாறு எம்.எம். கறுப்பு வெள்ளைச் சுருள். அதில், பட்டினப்பாக்கம் சாலையோரம் மீன் விற்ற கன்னியம்மாக்காவின் கைகளையும் முகத்தையும் மட்டும் எடுத்தேன். "நல்லா வருவேனாம்மா?" என்று மூன்று தரம் கேட்டார். "ராணி மாதிரி வருவீங்க" என்று அளந்துவிட்டேன். சுருள் கெட்டால் மறுபடி எடுக்க வழியில்லை.

லேபுக்கு அனுப்பக் காசில்லாமல் குளியலறை வாளியில் நானே கழுவினேன். "ஆத்துக்குள்ள என்னடி ஆஸ்பத்திரி நாத்தம்?" என்றாள் அம்மா. ஹைப்போ வாசனை அப்படித்தான். அந்த ரசாயனம் போக நிறையத் தண்ணீரில் அலசவேண்டும். இல்லாவிட்டால் படம் பழுத்துப் பாழாகும். குழாயைத் திறந்தால் வெறும் காற்று. தண்ணீர் லாரியும் வரவில்லை. சமையலுக்கு வைத்திருந்த ஒரு குடத்தை அம்மா தொடவே விடவில்லை.

வாளியோடு கன்னியம்மாக்காவிடமே ஓடிப்போய் அழுதேன். "இதுக்கா அழுவுற? எதிர்க்க அம்மாம் பெரிய கடலு கீது, அலசிகினு போயேன்!" என்றார். முழங்கால் தண்ணீரில் நின்று, ஆளுக்கொரு முனை பிடித்து அலசினோம். கருவாடு காயும் கயிற்றிலேயே காயப்போட்டோம். கடைசியாக ஒரு தரம் நல்ல தண்ணீரில் அலசவேண்டும் என்பது இந்த மேதைக்கு நினைவே வரவில்லை.

உப்பு பூத்து, படத்தைப் பொட்டுப் பொட்டாக அரித்துவிட்டது. பட்டப்பகலில் கூடத்து ஜன்னல்களைப் போர்வையால் மூடி, இரவல் புரொஜக்டரில் கன்னியம்மாக்காவுக்குப் போட்டுக் காட்டினேன். முகம் முழுக்க வெள்ளைப் பொறிகள். மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன். "யம்மாடி! எம் மேல கடலே வந்து குந்திகினு கீது பாரேன்!" என்று கைதட்டினார். "இன்னொரு தபா போடு." கருவாட்டு வாடைக்கு மூக்கைப் பொத்தியிருந்த அம்மாகூட காபியை ஆறவிட்டுப் பார்த்தாள். பிற்பாடு எத்தனையோ ஊர்களில் என் படங்கள் ஓடின. அன்று எங்கள் கூடத்தில் வந்த பெருமை வேறெங்கும் வரவில்லை. அதைச் சொல்ல எனக்கு வெட்கமில்லை.

இன்று அந்தச் சாலையோரத்தில் மீன்கடை இல்லை. நாங்கள் நின்ற மணலைக் கடல் தின்றுவிட்டது. கன்னியம்மாக்காவும் போய்ச் சேர்ந்துவிட்டார். சுருள் நேற்றுத் திரும்பி வந்தது. யாரும் பார்க்கவில்லை என்று உறுதிசெய்துகொண்டு, ஓரத்தில் விரலை ஒற்றி நாக்கில் வைத்தேன். கரித்தது.