விழாத புழுக்கையைத் திருடிய வழக்கு

என் மேல் வந்த ஒரே கிரிமினல் பிராது ஆட்டுப் புழுக்கைத் திருட்டு. கொள்ளை என்றாலாவது வெளியே சொல்லிக்கொள்ள ஒரு கௌரவம் இருந்திருக்கும்.

பிராது கொடுத்தவர் என் கணவரின் அண்ணன். மூத்தார் என்று மரியாதையாகச் சொல்ல வேண்டும், சொல்லித் தொலைக்கிறேன். கணவர் இறந்த பிறகு எனக்கென்று இருந்தது அவர் பங்குக்கு வந்த மேட்டுக்காடு ஒன்றுதான், மழையை நம்பிய புன்செய் நிலம். பாகம் பிரித்தது வாய்ப்பேச்சில், பத்திரம் கிடையாது. அதனால், "பாகமே பிரிக்கலே, எல்லாம் பொதுச்சொத்து" என்று மூத்தார் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தார். காடு போனால் நானும் என் மகளும் அவர் வீட்டு அடுப்படியில் கிடக்க வேண்டியதுதான்.

அந்தக் கோடையில் மேச்சேரிப் பக்கமிருந்து ஒருவர் ஆடுகளை ஓட்டிவந்தார். இரவில் ஆடுகளைக் காட்டில் அடைத்துப் பட்டி போட்டால் புழுக்கை நல்ல உரம். முதலில் மூத்தார் காட்டில், பிறகு என் காட்டில் என்று பேச்சு. பட்டிக்காரருக்குக் காட்டுக்காரர் சோறு போடுவது வழக்கம். மூத்தார் வீட்டிலிருந்து போனது புளித்த மோரும் வசவும். நான் பாவம் பார்த்துக் கம்பங்களியும் கொள்ளுச்சாறும் கொடுத்தனுப்பினேன். மறுநாளே பட்டி எல்லைக்கல்லைத் தாண்டி என் காட்டுக்கு வந்துவிட்டது. ஆடுகள் எந்த ஆட்சேபமும் சொல்லவில்லை.

மூத்தார் நாமக்கல் கோர்ட்டுக்கு ஓடினார். "காட்டை எங்கிட்ட உட்டா வாபஸ் வாங்கறேன். இல்லீன்னா கூண்டுல ஏறட்டும்" என்று ஆள் மூலம் சொல்லியனுப்பினார். பொம்பளை பயந்துவிடுவாள் என்று நினைப்பு. பயந்தேன்தான், பயத்தைவிடக் கோபம் பெரிதாக இருந்தது. முதலில் பிராதுக்காரரை மட்டும்தான் விசாரிப்பார்களாம், எனக்குச் சம்மன் வரவில்லை. வராவிட்டால் என்ன? கரிப்புகையில் ஓடும் பஸ் ஏறிப் போய், முக்காட்டை இழுத்துவிட்டுக் கடைசியில் நின்றேன். என் மானம் போவதைப் பார்க்க மூத்தார் ஊர்ப் பெரியவர்களையும் வண்டி கட்டிக் கூட்டிவந்திருந்தார்.

சத்தியப் பிரமாணம் ஆனதும் மாஜிஸ்திரேட் கேட்டார்: "ஆடு யாருடையது?"

"பட்டிக்காரனுதுங்க."

"உன் காட்டில் கிடந்த புழுக்கையை அந்த அம்மாள் அள்ளிப் போனாளா?"

"இல்லீங்க எசமான். எங்காட்டுல உழுவ வேண்டிய புழுக்கைங்க அது. அவ காட்டுல உழுந்துருச்சு."

கோர்ட்டே சிரித்தது. மாஜிஸ்திரேட் மட்டும் பேனாவை விடவில்லை. "இரண்டும் ஒரே குடும்பத்துக் காடுதானே? பொதுவா?"

மூத்தார் கூண்டிலேயே துள்ளிக் குதித்தார். "பொதுவா? அதெப்படிங்க! அது எந்தம்பி பங்கு, இப்ப அவளுது. பாகம் பிரிச்சப்ப எல்லைக்கல்லு நட்டதே நாந்தானுங்க. கல்லைத் தாண்டுனது திருட்டுங்களா இல்லீங்களா?"

"இன்னும் விழாத புழுக்கையை யாரும் திருட முடியாது. பிராது தள்ளுபடி."

பெரியவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். தான் என்ன சொன்னோம் என்பது மூத்தாருக்கு மட்டும் இன்னும் உறைக்கவில்லை. எனக்குக் கண்ணீர் பொத்துக்கொண்டு வந்தது.

"சாமி, அவரு சொன்னதெல்லாம் எழுதிக்கிட்டீங்களா?" என்று பின்னாலிருந்து கத்தினேன்.

"எழுதியாயிற்று. யாரம்மா நீ?"

முக்காட்டை எடுத்தேன். "அந்தக் காட்டுக்குச் சொந்தக்காரிங்க."