ஸினயீதாவுக்குக் கொடுத்த தண்ணீர்

ஒரு கிளாஸ் தண்ணீரால் எனக்கு வேலை போகப் பார்த்தது. தொல்க் வேலைக்கு, அதாவது மொழிபெயர்ப்பாளர் வேலைக்கு, இப்போது வருகிற எங்கள் பிள்ளைகள் மொழியெல்லாம் நன்றாகவே படித்துக்கொண்டு வருகிறார்கள். தண்ணீரைப் பற்றி அவர்களுக்கு ஒருவரும் சொல்லிக்கொடுப்பதில்லை.

இரண்டாயிரங்களின் நடுப்பகுதி. மொஸ்கோவில் படித்த காலத்து ரஷ்ய மொழிதான் ஒஸ்லோவில் எனக்குச் சோறு போட்டது. பாரென்ட்ஸ் கடல் மீன்பிடி பற்றிப் பேச ரஷ்யாவிலிருந்து ஒரு பாராளுமன்ற உறுப்பினர் வருகிறார், மூன்று நாளும் கூடவே இருக்க வேண்டும் என்று அலுவலகம் என்னை அனுப்பியது.

பெயர் ஸினயீதா. தகரத்தில் மீன் அடைக்கும் தொழிற்சாலையில் மீன் வெட்டத் தொடங்கி, தொழிற்சங்கம், நகரசபை என்று ஏறி, மூன்றாவது முறையாகப் பாராளுமன்றத்தில் இருந்தவர். கோப்பியைக்கூட மணந்து பார்த்துத்தான் குடிப்பார். அவரோடு கிளெப் என்று ஓர் உதவியாளர். என்ன உதவி செய்தார் என்பது கடைசிவரை எனக்குத் தெரியாது. கூட்டங்களில் ஒன்றும் விளங்காதவர்போல யன்னலைப் பார்த்துக்கொண்டிருப்பார். ஆனால் நொர்வேக்காரர் தங்கள் நொர்ஸ்க் மொழியில் பகிடி விட்டால், நான் மொழிபெயர்க்க முதலே அவருடைய வாயோரம் ஒரு தரம் அசையும். அந்த மனிதரை எனக்குத் துண்டறப் பிடிக்கவில்லை.

கடைசி நாள் ஸினயீதா பேச இருந்த பேச்சு முன்கூட்டியே என் கைக்கு வந்திருந்தது. அவருடைய ஊரின் பழைய மீன்பிடிக் கப்பல் ஒன்று ஆட்களோடு மூழ்கியிருந்தது. ஓட்டைக் கப்பலைக் கடலுக்கு அனுப்பிய முதலாளி, ஸினயீதாவின் கட்சியிலேயே பெரிய ஆள். சொந்தப் பாராளுமன்றத்தில் அதைப் பேச நேரம் கிடைக்கவில்லை. ஒஸ்லோவில் பேசினால் பத்திரிகைக்குப் போகும்.

அதற்கு முதல்நாள் கோப்பி மெஷினடியில் கிளெப் என்னிடம் வந்தார்.

"நாளைக்கு அவ கப்பல் கதை எடுப்பா. நீங்கள் சுருக்கிச் சொன்னாக் காணும். ஆருக்கு விளங்கப்போகுது?"

"நான் சுருக்கிறதில்லை."

சிரித்துவிட்டுப் போனார். 

மறுநாள் காலை ஹோட்டல் வாசலில் வெளிக்கிட்டுவிட்டோம். மூக்குக்கண்ணாடியை மறந்துவிட்டேன் என்று ஸினயீதா மேலே போய்த் திரும்பி வந்தார். எங்களைப்போல ரஷ்யர்களுக்கும் வெளிக்கிட்டபின் அப்படித் திரும்புவது கூடாது. சுவரிலிருந்த நிலைக்கண்ணாடியில் ஒருதரம் முகம் பார்த்தார், அது அவர்களுடைய பரிகாரம். எங்கள் பரிகாரம் வேறு. என் கை கேட்கவில்லை. கதிரையைக் காட்டி, மேசையிலிருந்த தண்ணீரை வார்த்து நீட்டினேன்.

"ஒருக்கால் இருந்து, ஒரு மிடறு குடிச்சிட்டு வாங்கோ."

"இதை ஆர் குடுக்கச் சொன்னது?"

"ஒருத்தரும் இல்லை. எங்கடை பழக்கம்."

"அப்ப நீங்கள் முதல் குடியுங்கோ."

குடித்தேன். மிச்சத்தை அவர் குடிக்க வேண்டுமே, எச்சில் படலாமா? வளர்ந்த முறைப்படி உதடு படாமல் அண்ணாந்து குடித்தேன்.

அவருடைய முகம் வெளிறியது. "பாத்தியே கிளெப், வாய் வைக்க மாட்டாளாம்!" என் பக்கம் திரும்பினார். "விளிம்பிலை என்னத்தைப் பூசினனீ?"

எச்சில் என்றால் என்னவென்று விளங்கப்படுத்தப் போனேன். சொல்லச் சொல்லக் கள்ளி மாதிரியே ஆனேன்.

"இவ எனக்கு வேண்டாம். வேறை ஆளைக் கூப்பிடு."

"இனி எங்கை தேடுறது?" என்றார் கிளெப். "நானே சொல்லுறன். எனக்கு நொர்ஸ்க் வடிவாத் தெரியும்."

அந்தப் பேச்சு கிளெப்பின் வாயில் செத்துப்போகும் என்று எனக்குத் தெரிந்தது. ஆனால் தொல்க் தன் அபிப்பிராயத்தைச் சொல்லக்கூடாது, அதுதான் எங்கள் சட்டம். எனக்கு வந்த ஆத்திரத்தில் கிளாஸை எடுத்து, விளிம்பு முழுக்க வாய் வைத்துக் குடித்தேன்.

ஸினயீதா என்னைப் பார்க்கவில்லை. கிளெப்பைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"உனக்கு நொர்ஸ்க் தெரியுமெண்டு நீ எனக்குச் சொல்லேல்லையே."

கிளெப் கழுத்துப்பட்டியைச் சரிசெய்தார். ஸினயீதா என் கையிலிருந்த கிளாஸை வாங்கி, மிச்ச எச்சில் தண்ணீரை ஒரே மூச்சில் குடித்தார்.

"வாங்கோ, போவம்."

அன்று அவர் மூழ்கியவர்களின் பெயர்களை ஒவ்வொன்றாகச் சொன்னார். நானும் ஒவ்வொன்றாகச் சொன்னேன். கிளெப் யன்னலைப் பார்க்கவில்லை, எங்களையே பார்த்துக்கொண்டிருந்தார்.

விமான நிலையத்தில் ஸினயீதா கைப்பையிலிருந்து ஒரு மீன் தகரத்தை எடுத்துத் தந்தார். "என்ரை பழைய தொழிற்சாலையின்ரை. பயமெண்டால் சாப்பிடாதையுங்கோ."

ஒஸ்லோவின் ஸ்டோவ்னர் பகுதியிலிருந்த எங்கள் வீட்டில் என் கணவர் அதைத் தொடவும் விடவில்லை. "உந்தத் தகரத்தை உடையாதையும். ஆர் கண்டது?" தகரம் குசினி அலுமாரித் தட்டிலேயே கிடந்தது.

பிள்ளைகளே, வேலையிடத்தில் யாருக்கும் குடிக்கக் கொடுப்பதென்றால் மூடி திறக்காத போத்தலாகக் கொடுங்கள். அவர்களுடைய பேச்சைக் கொடுக்கும்போது ஒரு சொட்டும் சிந்தாதீர்கள். அதற்காக அவர்கள் என்ன விலை கொடுக்கிறார்கள் என்பது உங்களுக்கு உடனே தெரியாது.

எனக்கு அடுத்த தேர்தலின்போதுதான் தெரிந்தது. கட்சி ஸினயீதாவை வேட்பாளராக நிறுத்தவில்லை என்று செய்தியில் வாசித்தேன். அழுகை வந்தது. எழுந்து போய்த் தகரத்தை உடைத்து, வெங்காயமும் பச்சைமிளகாயும் போட்டுப் பிரட்டினேன். கணவர் கதவடியில் நின்று பார்த்தார். நான் முதல் வாய் சாப்பிட்டேன். கொஞ்ச நேரம் என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றுவிட்டு, அவரும் சாப்பாட்டுக் கோப்பையை நீட்டினார்.