கை காட்டினால் ஓடும் நாய்

குண்டசாலையில் நாங்கள் வாடகைக்கு இருந்த வீட்டின் பின்வளவு மகாவலி ஆற்றுப் பக்கமாகச் சரிந்திருந்தது. அப்போது நான் கண்டியில் ஓர் அலுவலகத்தில் படவரைஞராக இருந்தேன். அங்கே கிடந்த பழைய வெளிநாட்டுச் சஞ்சிகை ஒன்றில், நாய்கள் தடை தாண்டி ஓடும் போட்டியின் படங்களைப் பார்த்தேன். அதே கிழமை எங்கள் நாய்க்காக வளவை அளந்து, படம் கீறி, பட்டியல் போட்டேன். தாண்டுவதற்கு, சீமெந்துக் கற்களின் மேல் பிவிசி குழாய், மூன்று. வளைந்து ஓட மூங்கில் தடி, ஆறு, இடைவெளி இரண்டு அடி. நுழைந்து வர, இரு பக்கமும் வெட்டிய தார்ப் பீப்பாய், ஒன்று.

பட்டியலில் இல்லாததை அப்பா கேட்டார். "பிள்ளை, நாயோட எந்தப் பாஷையில கதைக்கப் போறாய்?"

வேலிக்கு அந்தப் பக்கம் பஸ் தரிப்பிடத்துக்குப் போகும் பாதை. நாங்கள் யாழ்ப்பாணத்தார், கலவரத்தில் ஒருமுறை வீட்டை இழந்தவர்கள். அதன் பிறகு வாசலுக்கு வெளியே தமிழில் சத்தமாகப் பேசுவதில்லை. சந்தையிலும் பஸ்ஸிலும் கண்ணாலும் கையாலும் சொல்லிக்கொள்வோம். நாயைச் சிங்களத்தில் கூப்பிடலாம்தான். என் உச்சரிப்பு இரண்டாவது சொல்லிலேயே காட்டிக்கொடுத்துவிடும்.

"கையைக் காட்டிப் பழக்கிறன்," என்றேன்.

"அதுவும் சரி. நானும் நீயும் கொம்மாவும் அப்பிடித்தானே. நாயும் குடும்பத்தில ஒண்டாய்ப் போகட்டும்."

நாய்க்குத் தமிழ்ப் பெயர் இருந்தது. அதை வீட்டுக்குள் மட்டும் சொன்னோம். வெளியில், உள்ளங்கை கீழே என்றால் நில், விரல் நீட்டினால் ஓடு, கையை உயர்த்தினால் என்னிடம் வா. நாலு மாதத்தில் பிடித்துக்கொண்டது. கொப்பியில் 'குறைகள்' என்ற தலைப்பின் கீழ் ஒரே வரி எழுதியிருந்தேன்: நாய் என்னைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். பக்கத்தில் 'திருத்தம்' என்ற இடம் வெறுமையாகவே இருந்தது.

கொழும்பில் குண்டு வெடித்த மறுநாள் காலை, இராணுவம் வீடு வீடாகச் சோதித்துக்கொண்டு வந்தது. பீப்பாயையும் தடிகளையும் கண்டதும் ஒருவரின் முகம் மாறியது. நாய் ஓடுவதற்கு என்று சிங்களத்தில் சொன்னேன்.

"நாய்க்கும் பயிற்சி முகாமா?" என்றார் இன்னொருவர். "எங்கே, ஓடட்டும் பார்ப்போம்."

விரலை நீட்டினேன். அன்றைக்குத்தான் அது ஒரு தடி தவறாமல், ஒரு குழாய் விழாமல், முழுதாக ஓடி முடித்தது. இரண்டு பேர் கைதட்டினார்கள்.

போகும்போது கேற்றைத் திறந்தபடியே விட்டுவிட்டார்கள். ட்ரக் உறுமிக் கிளம்பியதும் நாய் பயந்து தெருவில் பாய்ந்தது. கையை உயர்த்தினேன். அது திரும்பிப் பார்க்காமல் ஓடிக்கொண்டிருந்தது. அப்பா வாயைத் திறந்தார், பக்கத்து வாசலில் நின்ற சிப்பாய்களைப் பார்த்தார், மூடிக்கொண்டார். மூன்றெழுத்துப் பெயர். நானும் சொல்லவில்லை. வளைவில் அது மறைந்த பிறகும் என் கை மேலேயே நின்றது.

மூன்று கிழமை தேடினேன். வேலை முடிந்து வந்து, நாளுக்கு ஒரு பாதை என்று கொப்பியில் குறித்துக்கொண்டு நடந்தேன். பெயரைச் சொல்லிக் கூப்பிட அங்கேயும் வாய் வரவில்லை. சந்திகளில் நின்று கையை உயர்த்துவேன். வீட்டுக்கு வெளியே அதற்குத் தெரிந்தது அதுதான்.

கடைசி நாள் மாலை, உயர்த்திய கையைக் கண்டு ஒரு முச்சக்கரவண்டி பக்கத்தில் வந்து நின்றது. எங்கே போகவேண்டும் என்று சாரதி சிங்களத்தில் கேட்டார். இல்லை என்று அதே கையால் காட்டினேன்.