கோபிகாவின் ஐந்து புள்ளிகள்

என் தங்கை கோபிகா 2019 இல் வலய மட்டத் தனி இசையில் இரண்டாமிடம் பெற்றாள். அந்தப் போட்டியில் சுருதிப்பெட்டி இல்லாமல் பாடியவள் அவள் ஒருத்திதான். 2022 இல் முதலிடம். பெற்றோல் கிடைக்காத மாதம் அது. கரவெட்டியிலிருந்து பருத்தித்துறைக்கு என் சைக்கிளின் பின்னால் இருந்து வந்து, வியர்வை காயுமுன் மேடை ஏறினாள். 2023 இல் மாவட்ட முதலிடம். டெங்குக் காய்ச்சல் விட்டு ஆறாம் நாள். 2024 யூலை 6 ஆம் திகதி மாகாணப் போட்டியில் கொடுத்தது இரண்டாமிடம். அதை நான் வெற்றிகளோடு சேர்க்கமாட்டேன். அது அவளிடமிருந்து பறித்தெடுத்த முதலிடம்.

போட்டி கொடிகாமத்துக்கு அருகே ஒரு பாடசாலையில் நடந்தது. ஐந்து நிமிடம் பாடலாம். நான்காவது நிமிடத்தில் எச்சரிக்கை மணி, ஐந்தாவதில் முடிவு மணி. அதற்குப் பிறகும் பாடினால் ஐந்து புள்ளி குறையும். பாடசாலை மதிலுக்கு அப்பால் பிள்ளையார் கோயில். கோபிகா பாடிக்கொண்டிருக்கும்போது மத்தியானப் பூசை மணி அடித்தது. சபையில் சிலர் இருந்தபடியே கும்பிட்டார்கள். அவள் நிறுத்தவில்லை. பிறகு பாடசாலையின் எச்சரிக்கை மணி அடிக்க, நிதானமாக முடித்து இறங்கினாள். என் கைபேசி ஒளிப்பதிவில் மொத்தம் நான்கு நிமிடம் முப்பத்தெட்டு வினாடி.

வெளியூரிலிருந்து வந்த தலைமை நடுவர் வாகீசன் கோயில் மணியை முதலாம் மணியாகவும், எச்சரிக்கை மணியை முடிவு மணியாகவும் எண்ணிவிட்டார். புள்ளித்தாளில் எண்பத்தாறை வெட்டி எண்பத்தொன்று என்று எழுதினார்கள். எண்பத்துநான்கு எடுத்த பிள்ளை தேசியப் போட்டிக்குப் போனாள்.

ஒளிப்பதிவைக் காட்டப் போனேன். அவர் கைபேசியைத் திரும்பியும் பார்க்கவில்லை.

“தம்பி, நீர் சந்தையிலை மரக்கறி நிறுக்கிறனீராம். உந்தத் தராசை இஞ்சை கொண்டு வராதையும்.”

பக்கத்தில் இருந்தவர்கள் சிரித்தார்கள்.

போட்டி நடத்தியவர்களிடம் நேரம் எழுதிய தாளைக் கேட்டோம். முதலில் தரமுடியாது என்றார்கள், பிறகு தொலைந்துவிட்டது என்றார்கள். நடுவர் தீர்ப்பே இறுதியானது என்று சுற்றறிக்கையில் ஒரு வரி உண்டு. போன இடமெல்லாம் அதையே வாசித்துக் காட்டினார்கள். மணியைப் பிழையாக எண்ணவும் அந்த வரி இடம் கொடுக்கிறதா என்று கேட்டால், அதே வரியைத் திரும்பவும் வாசித்தார்கள். ஓகஸ்டில் யாழ்ப்பாணம் மேல் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டோம். பதினெட்டு நிரம்பாதவர் தனியே வழக்காட முடியாது என்பதால், அவளுக்காக எங்கள் அப்பா தியாகராசா கையொப்பமிட்டார்.

அதன் பிறகு பள்ளியில் அவள் பாடிவந்த காலைத் தேவாரத்தைக்கூட வேறு பிள்ளைக்குக் கொடுத்தார்கள். பஸ்ஸில் கூடப் படிக்கிறவள் ஒருத்தி, “கோட்டுப் பாட்டுக்காரி வாறா, எழும்பி இடம் குடுங்கோடி. இல்லாட்டி எங்களிலையும் வழக்கு,” என்பாள். ஒருநாள் பகிடிக்கு ஒருத்தி உண்மையாகவே எழும்பினாள். கோபிகா அந்த இடத்தில் இருந்துகொண்டாள்.

அப்பா பாடசாலைக் காவலாளி. 2025 ஜனவரியில் அதிகாரி ஒருவர் அவரைக் கூப்பிட்டு, படகில் போகவேண்டிய நெடுந்தீவில் ஒரு காவலாளி இடம் வெற்றாக இருக்கிறது என்று மட்டும் சொன்னாராம். வழக்கை மீளப்பெறுவதாக அப்பா அன்றே கடிதம் எழுதி எங்கள் சட்டத்தரணி பத்மாவதியிடம் கொடுத்தார்.

“அப்பா, நான் நேரம் கடந்து பாடினனானோ?” என்று கோபிகா கேட்டாள்.

“அதில்லைப் பிள்ளை. என்ரை வேலையையும் பாக்க வேணும்.”

“அப்ப கடிதத்திலை அதை எழுதுங்கோ.”

அப்பா எழுதவில்லை.

வழக்கின் அடுத்த தவணை மார்ச் 20. கடிதம் அன்றுதான் நீதிபதியிடம் போகும் என்றார் சட்டத்தரணி. மார்ச் 16 ஆம் திகதி கோபிகாவுக்குப் பதினெட்டு நிரம்புகிறது. அதன் பிறகு வழக்கைத் தொடர்வதாக அவளே சத்தியம் செய்து கையொப்பமிட்ட சத்தியக்கடதாசி கொடுக்கலாம் என்றும் சொன்னார். தேசியப் போட்டிதான் முடிந்துவிட்டதே, இனி வென்று என்ன என்று நான்கூடக் கேட்டேன்.

“நேரம் கடந்து பாடினவள் எண்டு புள்ளித்தாளிலை கிடக்கு, அண்ணை. அது பொய்.”

பிறந்தநாளன்று அப்பா அவளோடு கதைக்கவில்லை. அவரை அப்படியே விட்டுவிட்டு, மறுநாள் காலை, சத்தியக்கடதாசியை உறுதிப்படுத்தும் சமாதான நீதவானிடம் போனோம். அவள் கடதாசியை இரண்டு தரம் வாசித்தாள். தன் வழக்கில் கோபிகா முதன்முதலாகத் தன் பெயரைக் கையொப்பமாக இட்டது 2025 மார்ச் 17, திங்கட்கிழமை.