நெளிந்த நூல்

என் மச்சாள் மாக்கிறேற்றுக்கு ஒருவர் மேல் சந்தேகம் விழுந்தால் விழுந்ததுதான். அந்தோனியாரே இறங்கி வந்து சொன்னாலும் சாட்சி கேட்பாள். சுருவில் கிராமத்தில் அவள் வளர்க்கும் வாத்து இனத் தாராக்கள் ஒவ்வொன்றாய் மெலிந்து சாகத் தொடங்கியபோது, அந்தச் சந்தேகம் போய் விழுந்தது பக்கத்து வளவு அன்ரனிதாஸ் அண்ணை மேல்.

காரணம் இல்லாமல் இல்லை. செத்த தாராவை அறுத்து, தீனி அரைக்கிற தடித்த இரைப்பையின் உள்தோலை உரித்தால், அதன் அடியில் மயிர் போல மெல்லிய சிவப்பு நூல்கள். அன்ரனிதாஸ் அண்ணை தன் முற்றத்து வேம்பின் கீழ் கதிரையில் இருந்து கிழிந்த வலை பொத்துவதும் சிவப்பு நூலில்தான். அவர் வெட்டி எறிகிற துண்டுகளைத் தின்றுதான் சாகின்றன என்று முடிவு கட்டிவிட்டாள். வேலிக்கு மேலால் அவள் ஏசிய ஏச்சை நான் எழுதமாட்டேன். அந்த மனிதர் முற்றத்தைச் சுத்தமாகக் கூட்டிவிட்டு, கதிரையையும் வலையையும் தூக்கிக்கொண்டு கடற்கரை வெயிலுக்குப் போய்விட்டார்.

அப்படியும் தாராக்கள் செத்தன; முந்தித் தின்ற நூல்தான் என்று அவள் நின்றாள். போன கிழமை ஒருநாள் காலையில் ஒன்று எங்கள் கண்முன்னே சரிந்தது. நூலை அறாமல் எடுத்து ஊர் விதானையாரிடம் காட்டி முறையிடவேண்டும் என்று, உடனேயே அறுத்து இரைப்பையை இளஞ்சூட்டு உப்புத் தண்ணீரில் போட்டாள்.

நூல் நெளிந்தது.

"மச்சாள், இதுக்கு உயிர் இருக்கு" என்றாள் என்னைப் பார்த்து. பயமில்லை, அருவருப்புமில்லை; திருவிழாவுக்குப் புறப்பட்ட பிள்ளையின் முகம். ஊசிமுனையால் ஒவ்வொன்றாய் எடுத்து ஜாம் போத்தலில் விட்டாள். ஊர்காவற்றுறை பஸ்ஸில் கேட்டவருக்கும் கேட்காதவருக்கும் அதை நீட்டிக் காட்டினாள். கொண்டக்டர் மட்டும் தள்ளியே நின்றார்.

மிருக வைத்தியர் துஷாந்தினி, எங்கே இருந்தது என்றுதான் முதலில் கேட்டார். இரைப்பைத் தோலுக்கு அடியில் என்றதும் சந்தேகமே இல்லை என்றார்: தாரா, வாத்துகளின் இரைப்பையில் இரத்தம் உறிஞ்சி வாழும் புழு. எச்சத்தோடு முட்டை விழும். ஈரப்புல்லில் பொரித்து, மேயும் தாராவுக்குள் போகும். மருந்து கொடுத்து, காய்ந்த நிலத்துக்கு மாற்றினால் மிச்சம் பிழைக்கும். மாக்கிறேற் வைத்தியரின் கந்தோரிலேயே கைதட்டிவிட்டாள். தண்ணீர் விட்டு விட்டு, தாராக்கள் மேயும் வளவுப் புல்லைப் பச்சையாய் வைத்திருந்ததும் அவளேதான்.

பழி ஓரிடம், பாவம் ஓரிடம். திரும்பி வரும்போது, அன்ரனிதாஸ் அண்ணையின் வேலிப் படலையைக் கண்டதும் அவள் விறுவிறென்று கடற்கரைக்கு நடந்து, போத்தலை அவர் முன்னால் நீட்டினாள்.

"அண்ணை, இது உங்கட நூல் இல்லை. புழு. நான்தான் பிழையாச் சொல்லிப்போட்டன்."

அவர் கண்ணைச் சுருக்கி நெடுநேரம் போத்தலைப் பார்த்தார். வெயில் அவர் கழுத்தைக் கருக்கியிருந்தது.

"அப்ப நான் இனி நிழலுக்கு வரலாமோ, பிள்ளை?" என்றார்.

மாக்கிறேற் போத்தலை என் கையில் திணித்தாள். அவர் எழும்பியதும் அந்தக் கதிரையைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு முன்னால் நடந்தாள்.