திருமணத்துக்குப் பின்னும் ஆடியவர்

முதல் உலகப் போருக்கு முன் ஆடத் தொடங்கிய ஓர் அமெரிக்க டென்னிஸ் வீராங்கனையின் ஆட்ட வாழ்க்கையை ஆண்டு வாரியாகத் தொகுத்துக்கொண்டிருந்தேன். நாங்கள் வசிக்கும் பசுந்தாங்குப் பேட்டையில் மின்சாரம் இருக்கும் நேரங்களில் இணையத்தில் பழைய செய்தித்தாள்களைப் புரட்டுவது என் வழக்கம். வரிசையாக வென்றுவந்தவரின் பெயர், அவரது திருமணச் செய்திக்குப் பிறகு எங்கும் இல்லை. 'திருமணத்தோடு ஆட்டத்தை நிறுத்தினார்' என்று எழுதி முடித்தேன்.

அந்த வாரம்தான் என் மகளை நிச்சயம் செய்ய அதே நகரின் லத்தா பேட்டையிலிருந்து மாப்பிள்ளை வீட்டார் வந்தார்கள். மகள் தினமும் வேலைக்குப் போகுமுன் டென்னிஸ் ஆடுபவள். உள்ளூர்ப் போட்டிகளிலும் கலந்துகொள்கிறாள். மாப்பிள்ளையின் தாய் பருப்பு மொத்த வியாபாரம் செய்பவர். தட்டு மாற்றும் முன் சொன்னார்:

"கல்யாணத்துக்குப் பொறவு இந்தப் பந்தாட்டமெல்லாம் வேணாம் சம்பந்தி."

பேச்சு முறியக்கூடாது என்று நான், "அமெரிக்காவுலயே பெரிய ஆட்டக்காரி ஒருத்தங்க அப்படித்தான் விட்டாங்க" என்றேன். அவருக்குத் திருப்தி.

அவர்கள் போனதும், "அந்தம்மா ஏன் விட்டாங்கன்னு பாக்கணும், காட்டுங்க" என்றாள் மகள். படங்களைக் காட்டினேன். சில ஆண்டுகள் கழித்து வென்ற வேறொரு பெண்ணின் படமும் அதே கோப்பில் இருந்தது. அதில் நின்றுவிட்டாள்.

"ரெண்டும் ஒரே ஆளுப்பா."

"பேரு வேறம்மா."

"பேரை விடுங்க. மட்டையைப் புடிச்சிருக்கிற கையைப் பாருங்க. மொகத்தைப் பாருங்க."

திருமணச் செய்தியை மறுபடி எடுத்தேன். இரண்டாவது பெண்ணின் பெயராக 'மிஸஸ்' என்பதன் பின்னால் இருந்தது முழுக்க முழுக்க அந்த வீராங்கனையை மணந்தவரின் பெயர். எங்கள் முன்னோர் கடல் கடந்து வந்து குடியேறிய இந்த நாட்டில் திருமணத்தால் பெண்ணின் பெயர் மாறுவதில்லை. எங்கள் தமிழ் வீடுகளும் அப்படியே பழகிவிட்டன. என் மனைவிக்கு இன்றும் பிறந்த வீட்டுப் பெயர்தான். மணமான பெண்ணைக் கணவர் பெயராலேயே குறிக்கும் வெளிநாட்டு வழக்கத்தை நாவல்களில் எத்தனையோ முறை படித்திருந்தும், ஆட்ட முடிவுகளைத் தேடும்போது அது எனக்குத் தோன்றவில்லை. குழந்தைகள் பிறந்த பிறகும் அவர் வென்றிருக்கிறார்.

"தப்பாச் சொன்னது நீங்க. நீங்களே போயி மாத்திச் சொல்லுங்க" என்றாள் மகள்.

ஞாயிற்றுக்கிழமை இருவரும் லத்தாவுக்குப் போனோம். பருப்பு மூட்டைகளுக்கு நடுவே உட்கார்ந்து, சம்பந்தியம்மாளிடம் எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னேன். கடைசிவரை கேட்டார்.

"அவ மாமியா என்ன சொன்னாளாம்?"

"அது எதுலயும் போடல."

"போடமாட்டான்" என்றவர் மகளிடம் திரும்பினார். "காலையில ஆடிக்க. கடை தொறக்குறதுக்குள்ள வீட்டுல இருக்கணும்."

"ஞாயித்துக்கெழமை சாயங்காலமும் அத்தை."

"பேரம் பேசுறியா? எங்கிட்டயேவா?"

"போட்டி வந்தா முழு நாளும் ஆகும்."

சம்பந்தியம்மாள் என்னைப் பார்த்தார். நான் பருப்பைப் பார்த்தேன்.

"சரி. போட்டின்னா முன்னாடியே சொல்லிப்புடு. அன்னிக்கு அவன் சமைக்கட்டும்" என்று, உள்ளே மூட்டை அடுக்கிக்கொண்டிருந்த மகனைக் கூப்பிட்டார்.